மற்ற இரண்டு வீடுகள்

“தலை மேல இருக்கட்டும்! காலைத் தாழ்த்து! சுவரு, சுவரு, சுவர்ல இடிக்காதீங்கப்பா!”

ஓராஸ் மாமா இரண்டு படி கீழே நின்று, பின்பக்கமாக இறங்கியபடியே கையை ஆட்டி உத்தரவு போட்டுக்கொண்டிருந்தார். அவர் எதையும் தூக்கவில்லை. தூக்கியவர்கள் நான்கு பேர். தலைமாட்டில் மேய்ராம். கெட்டிக் கம்பளிக்குள் சுற்றிக் கிடந்தது அவனுடைய அப்பா கைர்கெல்டி.

ஐந்தாவது மாடி, லிஃப்ட் இல்லாத பழைய கட்டடம். நான்காவது மாடித் திருப்பத்தில் வந்து கம்பளி மாட்டிக்கொண்டது. முன்னேயும் போகவில்லை, பின்னேயும் வரவில்லை.

“உங்க அலமாரியை ஏத்தினப்பவும் இதே இடத்துலதான் மாட்டிச்சு,” என்றார் கால்பக்கம் பிடித்திருந்த மூன்றாம் மாடிக்காரர்.

“அப்ப எப்படி எடுத்தோம்?”

“கதவைத் தனியா கழட்டிட்டோமே.”

கழற்றுவதற்கு இப்போது எதுவும் இல்லை. நான்கு பேரும் மூச்சு வாங்கிக்கொண்டு நின்றார்கள். அப்போது நான்காம் மாடிக் கதவு திறந்து தாமாரா எட்டிப் பார்த்தாள். தலையில் சுருள் சுற்றும் உருளைகள். பார்த்ததும் சிலுவை போட்டுக்கொண்டாள். கைர்கெல்டியின் குளியலறைத் தண்ணீர் அவள் கூரையில் ஒழுகிய நாளிலிருந்து இரண்டு வீட்டுக்கும் பேச்சுவார்த்தை இல்லை. அது பழைய கதை.

“ஏன் அப்படியே நிக்கிறீங்க? என் வீட்டுக்குள்ள நுழைஞ்சு திருப்புங்க. செருப்பைக் கழட்ட வேணாம், வாங்க வாங்க.”

அப்படித்தான், உயிரோடிருந்தபோது ஒருநாளும் தாமாராவின் வாசலை மிதிக்காத கைர்கெல்டி கால் முன்னே நீட்டி அவள் வீட்டுக்குள் போய், அவளுடைய கோட்டு மாட்டும் இடத்தில் திரும்பி, வெளியே வந்து, கீழே இறங்கினார். தாமாரா அழுதாள். ஓராஸ் மாமா, “பாத்து, பாத்து, பெயிண்ட்!” என்றார்.

அன்று விடியற்காலையில் கைர்கெல்டி டாக்ஸி ஓட்டக் கிளம்பியிருந்தார். பஸ் டிரைவர் வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு அதுதான் தொழில். வாசலருகே முக்காலியில் உட்கார்ந்து ஒரு காலில் பூட்ஸ் போட்டுக்கொண்டார். இன்னொரு பூட்ஸைக் கையில் எடுத்தார். அவ்வளவுதான். வெகுநேரம் கழித்துத் தண்ணீர் குடிக்க எழுந்த மருமகள் குல்னாஸ், “மாமா, இன்னும் போகலையா?” என்று கேட்டுவிட்டு, பதில் வராததால் விளக்கைப் போட்டாள்.

கட்டடத்துக்குக் கீழே, கார்கள் நிறுத்தும் இடத்தில், வாடகைக் கூடாரம் ஏறிக்கொண்டிருந்தது. மாடி வீட்டுக்காரன் செத்தாலும் கடைசி நாளில் கம்பளிக் கூடாரத்தில்தான் கிடக்க வேண்டும் என்பது ஊர் வழக்கம். கரகண்டா நகரத்தில் இதற்கென்றே ஆள் இருக்கிறார்கள். லாரியில் வந்து மரச்சட்டத்தை விரித்து, கம்பளி போர்த்தி, கயிறு இறுக்கி, சிகரெட் முடிவதற்குள் வீட்டையே கட்டிவிடுவார்கள். மூன்று கார்களை நகர்த்த வேண்டியிருந்தது. ஒரு கார்க்காரர் முணுமுணுத்துக்கொண்டே வந்து, விஷயம் தெரிந்ததும் தொப்பியைக் கழற்றிவிட்டு நகர்த்தினார்.

“நல்ல கூடாரம்,” என்றார் ஓராஸ் மாமா சட்டத்தைத் தட்டிப் பார்த்து. “சொந்தமா வாங்கினா என்ன விலை ஆகும்?”

“வாங்கிக்கிறீங்களா? தவணையிலகூட தரேன்,” என்றான் கூடாரக்காரன்.

மேய்ராம் திரும்பிப் பார்த்தான். மாமா தரையைப் பார்த்தார்.

ஓராஸ், மேய்ராமின் தாய்மாமன். பதினேழு வருஷத்துக்கு முன்னால், ஊரெல்லாம் வீடு வாங்கப் பைத்தியமாய் அலைந்த காலத்தில், கைர்கெல்டியைக் கையைப் பிடித்து பேங்குக்கு அழைத்துப்போனவர் அவர்தான். நம் பணத்தில் கடன் வாங்கினால் வட்டி அதிகம், டாலரில் வாங்கினால் கம்மி, டாலர் எங்கே ஏறப்போகிறது, என்று விளக்கியவரும் அவர்தான். ஏறியது. முதலில் கொஞ்சம், அப்புறம் ஒரே ராத்திரியில் எக்கச்சக்கம். தவணை இரட்டிப்பானது. பேங்க்காரர்கள் கருணை காட்டினார்கள். கடனை உள்ளூர்ப் பணத்துக்கு மாற்றி, தவணையைக் குறைத்து, வருஷத்தை நீட்டினார்கள். கைர்கெல்டி அன்று பேங்க்கிலிருந்து வரும்போது ஒரு கேக் வாங்கிக்கொண்டு வந்தார். “குறைச்சுட்டாங்க!” என்றார். நீட்டியதைப் பற்றி யாரும் பேசவில்லை. கேக் நன்றாக இருந்தது.

அந்தக் கடனில் இன்னும் ஆறு வருஷம் பாக்கி.

“இன்சூரன்ஸ் இருக்குமே?” என்று மூன்றாம் மாடிக்காரர் மெதுவாகக் கேட்டார்.

“இருக்கு,” என்றார் ஓராஸ். “ஆனா விபத்துக்கு மட்டும். அதான் மலிவா கிடைச்சுது. பஸ் ஓட்டறப்ப ஏதாவது ஆகியிருந்தா மொத்தக் கடனும் தீர்ந்திருக்கும். நாப்பது வருஷம் பஸ் ஓட்டினார் மனுஷன், ஒரு கீறல் இல்ல.”

குற்றம் சொல்வதுபோலவே சொன்னார்.

மதியத்துக்கு மேல் கர்கராலியிலிருந்து அல்தின்ஷாஷ் அத்தை வந்து இறங்கினாள். கைர்கெல்டியின் அக்கா. எழுபத்திரண்டு வயது. ஒரு சின்ன லாரியின் முன்சீட்டில் அவள், பின்னால் ஒரு குதிரை. சாவுச் சாப்பாட்டுக்கு. கூடார வாசலில் மகன்களுக்கான வழக்கப்படி கோலை ஊன்றி நின்று வருகிறவர்களைக் கட்டிப்பிடித்து அழுதுகொண்டிருந்த மேய்ராமை அவள் கட்டிக்கொள்ளவில்லை. கன்னத்தைத் தட்டினாள்.

“சாப்பிட்டியா?”

“இல்ல அத்தை.”

“அப்புறம் சாப்பிடு. இப்ப நான் பாட வேண்டியிருக்கு.”

வீடு வாங்க முன்பணம் கட்டியபோது இரண்டு பெட்டைக் குதிரைகளை விற்றுக் கொடுத்தவள் அவள். வேண்டாம் என்று சொன்னவளும் அவளே. சொல்லிவிட்டுக் கொடுத்தாள், கொடுத்துவிட்டு மூன்று வருஷம் தம்பியோடு பேசாமல் இருந்தாள். அவள் ஒப்பாரிக்கு அந்த வட்டாரத்தில் பெயர் உண்டு. செத்தவர்களின் பெருமைகளை வரிசையாகச் சொல்லி, போகிற போக்கில் உயிரோடிருப்பவர்களையும் இரண்டு தட்டுத் தட்டிவிடுவாள். கோபித்துக்கொள்ள முடியாது. ஒப்பாரியில் சொன்னதற்கு யாரும் பதில் சொல்லக்கூடாது.

உள்ளே பெண்கள் வட்டமாக உட்கார்ந்திருந்தார்கள். திரைக்குப் பின்னால் கைர்கெல்டி. நடுவில் மேய்ராமின் அம்மா ரவ்ஷான், வெள்ளைத் துணி தலையில், அழுது அழுது குரல் போயிருந்தது. அத்தை போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள். கூடாரத்துக்கு வெளியே கம்பளிக்கு இந்தப்பக்கம் நின்ற மேய்ராமுக்கு எல்லாம் தெளிவாகக் கேட்டது. முதலில் வழக்கமான வரிகள்தான். தூணே, மலையே, குடும்பத்தின் குதிரையே. அப்புறம் குரல் கொஞ்சம் மாறியது.

*மாசம் பொறந்தா பனி வரலாம்*
*மாசம் பொறந்தா மழை வரலாம்*
*மாசம் பொறந்தா நீ வருவே — என் தம்பி*
*மறக்காம பேங்கு வாசலுக்கு.*

*கட்டினவ கடல் கேட்டா*
*காலண்டர்ல காட்டினியே*
*கொட்டிப்போன பல்லு மூணும்*
*வட்டிக்குன்னு விட்டுட்டியே.*

உள்ளே யாரோ விசும்பினார்கள். யாரோ மூக்கைச் சிந்தினார்கள். அது அழுகையா வேறு ஏதாவதா என்று தெரியவில்லை. மேய்ராமுக்கு அந்தப் பற்கள் நினைவுக்கு வந்தன. அப்பா எப்போதும் வலதுபக்கமாகத்தான் மெல்லுவார். அது பழக்கம் என்றே இத்தனை நாள் நினைத்திருந்தான்.

*டாலரு ஏறாதுன்னு*
*தாடி தடவிச் சொன்ன மச்சான்*
*வாசலிலே நிக்கிறாரே — என் தம்பி*
*வட்டி கொஞ்சம் கட்டுவாரோ?*

வாசலில் நின்ற ஓராஸ் மாமா சட்டென்று பின்வாங்கித் தேநீர்ப் பாத்திரத்துக்குப் பின்னால் போய், அடுப்புக்குக் கரி போதுமா என்று குனிந்து பார்க்க ஆரம்பித்தார். கூட்டத்தில் ஆண்கள் எல்லோரும் ஒரே நேரத்தில் இருமினார்கள்.

*ஒத்த வீடு வாங்கப் போயி*
*மூணு வீட்டுக் காசு தந்தே*
*ஒத்த வீட்டில் நீ இருந்தே — என் தம்பி*
*மத்த ரெண்டில் யாரிருக்கா?*

இருமல் நின்றது. மேய்ராம் கோலைப் பிடித்தபடி அந்தக் கடைசி வரியில் நின்றுவிட்டான். மூன்று வீட்டுக் காசா? அத்தை ஒப்பாரிக்காக ஏற்றிச் சொல்கிறாளா? அவனுக்குத் தெரிந்ததெல்லாம் மாதத் தவணை. அப்பாவின் பெருமையும் அதுதான். ‘ஒரு நாள் தள்ளிப்போனதில்ல’ என்பார், கிட்டத்தட்ட எல்லா விருந்திலும். மொத்தமாக எவ்வளவு என்று யாரும் கேட்டதில்லை. மொத்தம் என்பது மரணத்தைப்போல, வரும்போது பார்த்துக்கொள்ளலாம் என்கிற மாதிரி ஒரு சங்கதி.

வியாழக்கிழமை, அதாவது நாளை மறுநாள், அவனே பேங்கில் கையெழுத்துப் போடுவதாக இருந்தது. நகரத்தின் தெற்குப்பக்கம் புதிதாக எழும்பும் கட்டடத்தில், பதினாலாவது மாடியில், இரண்டு அறை. இருபத்தைந்து வருஷம். குல்னாஸ் அட்டைப்பெட்டிகள்கூடச் சேர்த்து வைத்திருந்தாள்.

மறுநாள் அடக்கத்துக்கான ஜனாஸாத் தொழுகைக்கு முன்னால் கைர்கெல்டியைக் கூடாரத்துக்கு வெளியே கொண்டுவந்து வைத்தார்கள். காற்று ஊசிபோல் அடித்தது. நூறு ஆண்களுக்குக் குறையாது. டிப்போவிலிருந்து டிரைவர்கள் ஒரு பஸ்ஸையே எடுத்துக்கொண்டு வந்திருந்தார்கள். இமாம் சின்ன வயசுக்காரர், தாடி இப்போதுதான் பிடித்து வந்துகொண்டிருந்தது. கேட்க வேண்டியதைக் கேட்டார்.

“இறந்துபோனவர் எப்படிப்பட்ட மனுஷர்?”

“நல்ல மனுஷர்!” என்றார்கள் எல்லோரும்.

“அவர் யாருக்காவது கடன்பட்டிருக்காரா? இருந்தா இப்பவே சொல்லிடுங்க. பிள்ளைங்க அடைச்சுடுவாங்க. கடனோட போகக்கூடாது.”

ஒரு டிரைவர் தயங்கித் தயங்கி, “பேட்டரி சார்ஜர் ஒண்ணு வாங்கிட்டுப் போனார். பரவால்ல, சும்மா சொன்னேன்,” என்றார். இன்னொருவர், “நான்தான் அவருக்கு டயர் காசு தரணும்,” என்று சொல்லி, மேய்ராமிடம் வந்து கையில் நோட்டைத் திணித்தார்.

“வேற?” என்றார் இமாம்.

பின்வரிசையிலிருந்து ஒரு குரல் வந்தது: “பேங்க்?”

யாரும் சிரிக்கவில்லை. சிரிக்காமல் இருப்பதற்கு எல்லோரும் பட்ட பாடு முகத்தில் தெரிந்தது. இமாம் கழுத்தை நீட்டி நிஜமாகவே கூட்டத்தைத் தேடினார். “பேங்க் சார்பா யாராவது வந்திருக்கீங்களா?”

யாரும் வரவில்லை.

மேய்ராம் ஓரடி முன்னால் போனான். ஓராஸ் மாமா பின்னாலிருந்து அவன் கோட்டை இழுத்தார். “‘தெரிஞ்ச கடன்’னு சொல்லுடா. ‘நியாயமான கடன்’னு சொல்லு. மொத்தமா ஒத்துக்காத. இத்தனை பேரு சாட்சி!” என்று காதருகே சீறினார்.

அப்பாவின் முகம் துணிக்குள் இருந்தது. தாடையைச் சேர்த்துக் கட்டியிருந்தார்கள். இப்போது எந்தப்பக்கம் மெல்லுகிறவர் என்று யாராலும் சொல்ல முடியாது.

“எங்கப்பா யாருக்கு என்ன தரணுமோ, எல்லாம் என் தலைமேல,” என்றான் மேய்ராம்.

கூட்டம் ஒரு மூச்சு விட்டது. இமாம் தலையசைத்து, தொழுகைக்குத் திரும்பும் முன் அவன் பக்கம் லேசாகச் சாய்ந்தார்.

“எவ்வளவு சதவீதம்?”

“பதினாலு.”

“எனக்குப் பதினேழு,” என்றார் இமாம். பிறகு கையை உயர்த்தினார்.

புதைத்துவிட்டு வந்தார்கள். குதிரைக் கறி வெந்திருந்தது. பந்தி பந்தியாக ஆட்கள் வந்து சாப்பிட்டு, கையை முகத்தில் தடவி, போனார்கள். கூட்டம் குறைந்த பிறகு கூடாரத்தின் ஓரத்தில் அத்தை தனியாக உட்கார்ந்து பால்தேநீர் குடித்துக்கொண்டிருப்பதைப் பார்த்து மேய்ராம் போய் உட்கார்ந்தான். அவள் ஒரு எலும்பை எடுத்து அவன் கையில் கொடுத்தாள்.

“அத்தை, நேத்து மூணு வீடுன்னு பாடினீங்களே. எதுகைக்காகப் பாடினதா?”

“எதுகைக்குன்னா நூறு வீடுன்னு பாடியிருப்பேன்.”

“யாரு சொன்னா உங்களுக்கு?”

“உங்கப்பன்தான்.” அவள் கிண்ணத்தைக் கீழே வைத்தாள். “போன வாரம் போன் பண்ணினான். டிப்போவுல பழைய சிநேகிதனோட பையன் ஒருத்தன் போன்லயே தட்டிப் பாத்துச் சொன்னானாம். இதுவரைக்கும் கட்டினது, இனிமே கட்டப்போறது, அதுக்குள்ள டாலர்ல போனது, எல்லாம் சேத்து. ‘அக்கா, நான் மூணு வீடு வாங்கியிருக்கேன், உனக்குத் தெரியுமா?’ன்னான். சிரிச்சான். நானும் சிரிச்சேன். ரொம்ப நேரம் சிரிச்சுக்கிட்டே இருந்தான். கொஞ்ச நேரம் கழிச்சுப் பாத்தா அது சிரிக்கிற சத்தம் மாதிரி இல்ல.”

மேய்ராம் எலும்பைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

“உன் மகன்கிட்ட இதைச் சொல்லுடான்னேன். ‘அவன் அடுத்த வாரம் கையெழுத்துப் போடப்போறான்க்கா, சந்தோஷமா இருக்கான். போட்டதுக்கப்புறம் சொல்றேன்’னான். மடையன். போட்டதுக்கப்புறம் சொல்லி என்ன?”

“அத்தை, உங்க ரெண்டு குதிரை…”

“என்ன அதுக்கு?”

“காலையில இமாம் கேட்டப்ப நீங்க அங்க இல்ல. அதுவும் என் தலைமேலதானே.”

“அதுக்கு நான் வட்டி போட்டா, பேங்க் மாதிரி போட்டா, நீ இப்ப எனக்கு ஒரு மந்தையே ஓட்டிட்டு வரணும். போ. முதல்ல அந்த எலும்பைத் தின்னு.”

அப்போதுதான் அவன் போன் அடித்தது. மதீனா, பேங்க்கில் அவனுடைய மனுவைப் பார்த்துக்கொள்கிற பெண். எழுந்து கட்டடத்துக்குள் போய் மாடிப்படியின் கீழ் நின்று பேசினான்.

“வணக்கம் மேய்ராம் கைர்கெல்டியெவிச்! நாளைக்குப் பத்து மணிக்கு வர்றீங்கதானே? வாழ்த்துகள்!” என்றாள், மரியாதைக்கு அப்பா பேரையும் சேர்த்து அழைத்து.

“எங்கப்பா தவறிட்டார். இப்பதான் புதைச்சுட்டு வந்தோம்.”

“ஐயோ.” அவள் குரல் நிஜமாகவே இறங்கியது. “மன்னிச்சுக்குங்க. எனக்குத் தெரியாது. அப்ப… திங்கக்கிழமை?”

“ஒண்ணு கேக்கலாமா? இந்த வீட்டுக்கு நான் மொத்தமா எவ்வளவு கட்டுவேன்?”

“மாசத் தவணை போன தடவை சொன்னதுதான். மாறல.”

“மாசம் இல்ல. மொத்தமா. இருபத்தஞ்சு வருஷம் முடியறப்ப.”

“அது ஒப்பந்தத்துல கடைசிப் பக்கத்துல வரும்.”

“இப்ப சொல்ல முடியுமா?”

“ஒரு நிமிஷம்.” விசைகள் தட்டும் சத்தம். அது நின்றது. மறுபடி தட்டினாள், தப்பாகத் தட்டிவிட்டோமோ என்று பார்ப்பதுபோல. பிறகு தொகையைச் சொன்னாள். சொல்லிவிட்டு, “யாரும் இப்படிக் கேக்கமாட்டாங்க,” என்றாள், மன்னிப்புக் கேட்கிற மாதிரி.

மேய்ராம் மனசுக்குள் வகுத்துப் பார்த்தான். நிமிர்ந்தபோது மேல்படியில் குல்னாஸ் நின்றுகொண்டிருந்தாள். இரண்டு நாளாகத் தேநீர் ஊற்றிய கை, கழுவாத கிண்ணங்கள் அடுக்கிய தட்டு, தலைத்துணி ஒருபக்கம் சரிந்திருந்தது.

“எவ்வளவு?” என்றாள்.

“ரெண்டரை வீடு.”

“நமக்கு ஒண்ணு போதும்னுதானே நான் கேட்டேன்?”

அவன் சிரித்துவிட்டான். அவளுக்கும் உதடு துடித்தது. உடனே இருவரும் வாசல்பக்கம் பார்த்தார்கள், அன்றைக்குச் சிரிக்கலாமா என்று யாரையோ கேட்பதுபோல. குல்னாஸ் தட்டைப் படியில் வைத்துவிட்டுக் கையை நீட்டினாள். “போனைக் கொடு.”

“என்ன கேக்கப்போறே?”

“கொடு.” போனைக் காதில் வைத்தாள். “மதீனா, நான் அவர் பெண்டாட்டி. எங்க மாமனார் கடன் ஒண்ணு உங்க பேங்க்லதான் இருக்கு. ஆறு வருஷம் பாக்கி. மாசாமாசம் கொஞ்சம் கூடச் சேத்துக் கட்டினா வட்டி குறையுமா?”

மேய்ராமுக்கு மறுமுனை கேட்கவில்லை.

“குறையுமா? எவ்வளவு சீக்கிரம் முடியும்? … ம். … ம். இதை அவர்கிட்ட ஏன் யாரும் சொல்லல?” குல்னாஸ் கேட்டுக்கொண்டே நின்றாள். முகம் கொஞ்சம் கொஞ்சமாக இறுகியது. “சரி. கேக்கல. அவர் கேக்கல. இப்ப நான் கேட்டுட்டேன், எழுதி வச்சுக்குங்க.”

போனைத் திருப்பிக் கொடுத்தாள்.

“முன்பணத்துக்குச் சேத்தது இருக்கில்ல, அதை இதுல போடுவோம். முதல்ல மாமாவோடது முடியட்டும்,” என்றாள். “அப்புறம் பாக்கலாம். சின்னதா. பதினாலாவது மாடி எல்லாம் வேணாம்.”

“உனக்குக் கதவு வச்ச அறை வேணும்னு சொன்னியே.”

குல்னாஸ் தட்டை எடுத்துக்கொண்டாள். ஒன்பது வருஷமாக அவர்கள், குழந்தைகள் பிறந்த பிறகும், ஹாலில்தான் படுக்கிறார்கள். உள் அறை அப்பாவுக்கும் அம்மாவுக்கும். இன்று அந்த அறையில் ஒரு படுக்கை காலி. அது இருவருக்கும் ஒரே நேரத்தில் தோன்றியிருக்க வேண்டும். கிண்ணங்கள் ஒன்றோடொன்று இடித்து ஒலிக்க, ஐந்து மாடியும் ஏறினார்கள்.

மேலே ரவ்ஷான் ஏற்கெனவே அந்த அறையிலிருந்து தன் தலையணையையும் போர்வையையும் எடுத்துவந்து ஹால் சோபாவில் போட்டிருந்தாள்.

“உள்ளே நீங்க படுத்துக்குங்க,” என்றாள். குரல் கம்மியிருந்தது. “குழந்தைங்க வளந்துட்டாங்க. எனக்கு இங்கதான் வெளிச்சம்.”

“அம்மா, இன்னிக்கு வேணாம்மா…”

“இன்னிக்கு வேணாம்னா நாளைக்கு நான் மாத்திக்குவேன். எடுத்துட்டுப் போ.”

குல்னாஸ் மாமியாரின் தலையணையைக் கையில் எடுத்தாள், மறுபடி வைத்தாள், கடைசியில் அதைத் தட்டித் தட்டிச் சரிசெய்ய ஆரம்பித்தாள். வெகுநேரம் தட்டிக்கொண்டிருந்தாள்.

ரவ்ஷான் கண்ணாடிச் சட்டமிட்ட ஒரு படத்தை மடியில் வைத்திருந்தாள். டிப்போவில் எடுத்தது. பஸ் முன்னால் தொப்பியோடு கைர்கெல்டி, வாயை மூடிச் சிரிக்கிறார்.

“இதை மாட்டணும்,” என்றாள். “ஒரு ஆணி கொடு.”

மேய்ராம் சமையலறை இழுப்பறையைத் திறந்தான். குளியலறை அலமாரியில் பார்த்தான். அப்பாவின் கருவிப் பெட்டியைக் கொட்டிக் கவிழ்த்தான். ஸ்பேனர்கள், ஃபியூஸ்கள், பஸ் கண்ணாடியின் திருகுகள். ஆணி இல்லை. வீட்டில் ஒரு ஆணிகூட இல்லை. கொஞ்ச நேரம் அது அவனுக்கு விசித்திரமாக இருந்தது. பிறகு நிமிர்ந்து பார்த்தான். பதினேழு வருஷமாகத் தினமும் பார்க்கிற சுவர்கள். நான்கு பக்கமும் மொட்டை. கடிகாரம் ஃபிரிட்ஜின் மேல் நின்றது. கல்யாணப் படம் அலமாரியில் சாய்ந்திருந்தது. கடல் படம் போட்ட காலண்டர் ஜன்னல் கம்பியில் தொங்கியது. ‘சுவர் நம்மது இல்ல. முடியட்டும், அப்புறம் எத்தனை வேணா அடிச்சுக்குங்க,’ என்பார் அப்பா.

அவன் நான்காம் மாடிக்குப் போய்த் தாமாராவிடம் கேட்டான். அவள் ஒரு சுத்தியலும் கை நிறைய ஆணியும் கொடுத்தாள். மேலே வந்ததும் அம்மா அவற்றைக் கையில் வாங்கிக்கொண்டாள்.

“கொடும்மா, நான் அடிக்கறேன்.”

“விடு,” என்றாள் ரவ்ஷான்.

முக்காலியை இழுத்துப்போட்டு ஏறினாள். ஆணியைச் சுவரில் வைத்தாள். அடிப்பதற்கு முன் திரும்பி வாசல் கதவைப் பார்த்தாள். மேய்ராமும் பார்த்தான். குல்னாஸும்.

ஒரு அடி. ஆணி வளைந்தது. கான்கிரீட். இன்னொன்றை எடுத்தாள். சுண்ணாம்பு உதிர்ந்து அவள் தலையில் கட்டிய வெள்ளைத் துணியில் விழுந்தது. மூன்றாவது ஆணி இறங்கியது. படத்தை மாட்டி, தலையைச் சாய்த்துப் பார்த்து, கோணலை ஒரு விரலால் சரிசெய்தாள்.

கீழ்வீட்டிலிருந்து யாரோ, சத்தம் போடாதே என்பதுபோல், வெந்நீர்க் குழாயை டங்கென்று ஒருமுறை தட்டினார்கள். பிறகு நினைவு வந்ததுபோல் நிறுத்திக்கொண்டார்கள்.

ரவ்ஷான் இறங்கி, முக்காலியை எதிர்ச்சுவர்ப் பக்கம் நகர்த்தினாள். இரண்டு ஆணிகளை உதட்டில் கவ்விக்கொண்டு, கல்யாணப் படத்துக்காகக் கையை நீட்டினாள்.